பந்தைக் காட்டாத கேமரா

2005 ஏப்ரல் 23. மாட்ரிட் நகரின் பெர்னபெயு மைதானத்தில் ரியல் மாட்ரிட்டுக்கும் வியாரியாலுக்கும் கால்பந்து ஆட்டம். அன்று அந்த மைதானத்தில் 17 கேமராக்கள் ஒரே ஒரு ஆளுக்காக வைக்கப்பட்டிருந்தன. பந்து எங்கே போனாலும் அவை திரும்பவில்லை. ஜினதின் ஜிதானை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தன.

டக்ளஸ் கார்டன், பிலிப் பரேனோ என்ற இரண்டு கலைஞர்கள் எடுத்த அந்தப் படம் 2006-இல் வந்தது. ஆட்டம் ஓடிய அதே ஒன்றரை மணி நேரம் படமும் ஓடுகிறது. யார் யாருக்குப் பந்தை அடித்தார்கள், எந்தப் பக்கம் கோல் விழுந்தது என்பது பெரும்பாலும் பிடிபடாது. ஜிதான் மட்டும் தெரிகிறார். அவ்வளவு பெரிய ஆட்டக்காரர் அந்த ஒன்றரை மணி நேரத்தின் பெரும்பகுதியை எப்படிக் கழிக்கிறார் தெரியுமா? நடக்கிறார். நிற்கிறார். பூட்ஸ் நுனியால் புல்லைத் தேய்த்துக்கொண்டே போகிறார். எச்சில் துப்புகிறார். காத்திருக்கிறார். பந்து வந்தால் சில நொடிகள் உடம்பு மின்னலாக வேலை செய்கிறது. அப்புறம் மறுபடி அதே நடை, அதே இறுகிய முகம். கடைசிப் பகுதியில் சக வீரர் ராபர்ட்டோ கார்லோஸ் ஏதோ சொல்ல, ஒரு தடவை வாய்விட்டுச் சிரிக்கிறார். சற்று நேரத்தில் ஒரு தள்ளுமுள்ளுக்குள் பாய்கிறார், சிவப்பு அட்டை வாங்குகிறார், வெளியேறுகிறார். அதோடு படம் முடிகிறது.

ஜிதானின் கோல்களைத் துண்டு துண்டாக எத்தனையோ முறை பார்த்திருந்தேன். அவற்றில் அவர் எப்போதும் எதையாவது செய்துகொண்டிருப்பார். இந்தப் படத்தில்தான் அவர் எதுவும் செய்யாமல் இருப்பதைப் பார்த்தேன். ஒரு ஆணை, அதுவும் உலகமே கொண்டாடிய ஒரு ஆணை, எந்தச் செயலின் துணையும் இல்லாமல் இவ்வளவு நேரம் உற்றுப் பார்த்தது அதற்கு முன் கிடையாது. படம் 2006 மே மாதம் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. ஜூலை 9 அன்று உலகக் கோப்பை இறுதியாட்டத்தில் அவர் எதிரணி வீரரின் நெஞ்சில் தலையால் முட்டினார். உலகம் வாயைப் பிளந்தது. ஒன்றரை மணி நேரம் அந்த முகத்தோடு இருந்துவிட்ட எனக்கு அது எங்கிருந்தோ திடீரென்று வந்ததாகத் தோன்றவில்லை.

பரிசோதனை சினிமா ஆண் என்ற விஷயத்தை எப்படி ஆராய்கிறது என்று யாராவது கேட்டால் நான் இந்தப் படத்திலிருந்துதான் தொடங்குவேன். ஆட்டத்திலிருந்து பந்தை எடுத்துவிட்டால் மைதானத்தில் ஒரு உடம்பு மிஞ்சுகிறது. சினிமாவிலிருந்து கதையை எடுத்துவிட்டாலும் அதே கதைதான். கதாநாயகன் போய்விடுவான், ஒரு ஆள் மிஞ்சுவான்.

இது தற்செயலான ஒப்புமை இல்லை. 1975-இல் பிரிட்டனின் 'ஸ்க்ரீன்' இதழில் திரைக்கோட்பாட்டாளர் லாரா மல்வி எழுதிய கட்டுரை, ஹாலிவுட் படங்களில் பார்வை எப்படிப் பங்குபோடப்படுகிறது என்பதை விளக்கியது. ஆண் பார்க்கிறான், பெண் பார்க்கப்படுகிறாள் என்ற பகுதி பிரபலமாகி, இன்று எல்லோர் வாயிலும் இருக்கிறது. அதே கட்டுரையின் இன்னொரு பகுதி அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. கதையை முன்னால் தள்ளிக்கொண்டு போகும் வேலை ஆணுக்குக் கொடுக்கப்பட்டிருக்கிறது, தான் வெறும் காட்சிப்பொருளாகிற சுமையை அவனால் தாங்க முடியாது என்கிறார் மல்வி. அதாவது கதை ஆணுக்கு ஒரு கவசம். அவன் ஓடிக்கொண்டோ, சுட்டுக்கொண்டோ, யாரையாவது காப்பாற்றிக்கொண்டோ இருக்கும்வரை அவனை வெறுமனே பார்க்க நமக்கு நேரம் கிடைக்காது. நம்மூர்ப் படங்களில் நாயகன் அறிமுகமாகும்போது மெதுவாக நடந்து வருவதைக்கூட வெறுமனே பார்க்க விடமாட்டார்கள். பின்னால் நாலு பேர் அடிவாங்கிப் பறந்துகொண்டிருப்பார்கள்.

கவசத்தைக் கழற்றும் வேலை ஏன் பரிசோதனை சினிமாவில் நடந்தது என்பதற்கு எளிய காரணங்கள் உண்டு. அமெரிக்க ஸ்டுடியோக்கள் 1934 முதல் 1968 வரை ஒரு தணிக்கை விதித்தொகுப்பைக் கட்டாயமாகப் பின்பற்றின. ஒரு ஆண் இன்னொரு ஆணை விரும்புவதைக் காட்டுவது 1961 வரை அதில் தடைசெய்யப்பட்டிருந்தது. 16 மி.மீ. கேமராவோடு வீட்டுக்குள் படமெடுத்தவர்களை அந்த விதி கட்டுப்படுத்தவில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அந்தச் சிறிய கேமராக்கள் தனியாட்கள் கைக்கு எளிதாக வந்தன. டிக்கெட் விற்றாக வேண்டிய நெருக்கடி கிடையாது, நட்சத்திரத்தின் பெயரைக் காப்பாற்ற வேண்டியதும் இல்லை. தண்டனை மட்டும் வேறு வழியில் வந்தது, போலீஸ் வழியாக.

கென்னத் ஆங்கர் 1947-இல் எடுத்த 'ஃபயர்வொர்க்ஸ்' பெற்றோர் ஊரில் இல்லாத ஒரு வார இறுதியில் அவர்கள் வீட்டிலேயே எடுக்கப்பட்டது என்று அவரே சொல்லியிருக்கிறார். ஒரு இளைஞன் கனவில் கடற்படை வீரர்களைத் தேடிப் போகிறான், அவர்களிடம் அடிபட்டுக் கிழிகிறான். அந்த இளைஞனாக ஆங்கரே நடித்தார். போர் முடிந்து இரண்டே வருடம் ஆகியிருந்தது, கப்பல்படைச் சீருடை தேசத்தின் ஆண்மைக்கு அடையாளமாக நின்ற காலம். அந்தச் சீருடையை ஆசையோடும் அச்சத்தோடும் ஒரே சமயத்தில் பார்த்த படம் அது.

ஆனால் நான் நிறைய நேரம் நிற்க விரும்புவது 1963-இல் அவர் எடுத்த 'ஸ்கார்ப்பியோ ரைசிங்' படத்தின் முன்னால்தான். அரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. வசனம் கிடையாது. அந்தக் காலத்தில் வானொலியில் ஒலித்த 13 பாப் பாட்டுகள் ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன, அவற்றோடு நியூயார்க்கின் புரூக்ளின் பகுதி மோட்டார் சைக்கிள் இளைஞர்கள். பாதிப் படம்வரை யாரும் வண்டியை ஓட்டுவதே இல்லை! துடைக்கிறார்கள், எண்ணெய் போடுகிறார்கள், குரோமியம் பளபளக்கும்வரை தேய்க்கிறார்கள். அப்புறம் தங்களையே தேய்க்கத் தொடங்குகிறார்கள். ஜீன்ஸ் ஏறுகிறது, பெல்ட் இறுகுகிறது, தோல் ஜாக்கெட், விரல் விரலாக மோதிரங்கள். கேமரா இடுப்பு, தோள், கழுத்து என்று மெதுவாக ஊர்கிறது. ஒரு மணப்பெண்ணை அலங்கரிக்கும்போது காட்டப்படும் அதே பொறுமை.

கல்லூரி விடுதியில் இருந்தவர்களுக்கு இந்தக் காட்சி அந்நியமாகத் தெரியாது. சனிக்கிழமை சாயங்காலம் ஒரே ஒரு இஸ்திரிப் பெட்டிக்கு ஏழெட்டுப் பேர் வரிசையில் நிற்பார்கள். கண்ணாடி முன்னால் தலைமுடியை நனைத்து, வாரி, கலைத்து, மறுபடி வாருவார்கள். சட்டைக் கையை எத்தனை மடிப்பு மடிப்பது என்று ஒருவன் இன்னொருவனிடம் கேட்பான். கிளம்பி வெளியே போனதும் தங்களுக்கு அலங்காரம் என்ற வார்த்தையே தெரியாது என்பதுபோல நடப்பார்கள். நானும் அப்படித்தான் நடந்தேன். ஆங்கர் கேமராவை வைத்தது அந்தக் கண்ணாடி முன்னால்தான். முரட்டு ஆண் என்று தெருவில் நாம் பார்ப்பது, அறைக்குள் நிதானமாக உடுத்திக்கொள்ளப்பட்ட ஒன்று என்பதை அவர் ஒரு வார்த்தை பேசாமல் காட்டிவிடுகிறார்.

பாட்டுகளை அவர் பயன்படுத்திய விதம் இன்னும் கூர்மையானது. அவற்றில் பல, பெண்கள் பாடியவை. என் காதலன் திரும்பி வந்துவிட்டான், அவன் யாருக்கும் அடங்காதவன் என்று பெண்குரல்கள் உருகிப் பாடுகின்றன. திரையில் பெண்ணைக் காணோம், இந்த ஆண்கள்தான் இருக்கிறார்கள். பாடுகிற பெண்ணின் கண் எங்கே இருக்குமோ அங்கே கேமரா போய் உட்கார்ந்துகொள்கிறது. சாவி கொடுத்தால் ஓடும் பொம்மையைப் பற்றிய ஒரு பாட்டு வரும்போது விளையாட்டு மோட்டார் சைக்கிள்கள் தரையில் ஓடுகின்றன, பக்கத்தில் நிஜ வண்டியை ஒருவன் முடுக்கிக்கொண்டிருக்கிறான். சாவி யாருக்குக் கொடுக்கப்பட்டிருக்கிறது என்று நமக்கே தெரிந்துவிடுகிறது. சினிமாவில் பாப் பாட்டை இப்படி வைக்கலாம் என்று தனக்குக் காட்டிய படங்களில் ஒன்றாக மார்ட்டின் ஸ்கோர்சேசி இதைக் குறிப்பிட்டிருக்கிறார்.

படத்தின் மைய இளைஞனான ஸ்கார்ப்பியோவின் அறைச் சுவரில் ஹாலிவுட் நடிகர் ஜேம்ஸ் டீன் படங்கள். தொலைக்காட்சியில் தோல் ஜாக்கெட்டோடு இன்னொரு நடிகர், மார்லன் பிராண்டோ. இவன் அவர்களைப் பார்த்து உடுத்துகிறான், அவர்களும் வேறு யாரையோ பார்த்து உடுத்தியவர்கள்தான். பிறகு ஸ்வஸ்திகா வருகிறது, ஹிட்லரின் படம் வருகிறது. ஞாயிறு வகுப்புகளில் குழந்தைகளுக்குப் போட்டுக் காட்டும் ஏசு படமொன்றின் துண்டுகளும் ஊடே ஓடுகின்றன. தலைவன் முன்னால் நடக்க, சீடர்கள் பின்னால் நடக்கிறார்கள். மூன்றையும் ஒன்றோடொன்று வெட்டி ஒட்டி, ஆண்கள் கூட்டமாகச் சேர்ந்து ஒருவன் பின்னால் போகும் ஆசை எங்கெல்லாம் கொண்டுபோய் விடும் என்று கேட்கிறார் ஆங்கர். கடைசியில் ஓட்டப்பந்தயம், விபத்து, சாவு, சிவப்பு விளக்கு. இந்தப் படத்தைக் கொண்டாட்டம் என்று சொல்பவர்கள் உண்டு, கண்டனம் என்று சொல்பவர்களும் உண்டு. எனக்கு இரண்டும் போதவில்லை. அந்தத் தோல் ஜாக்கெட்டின் மினுமினுப்பு ஆங்கரைக் கிறங்கடிக்கிறது, அது எங்கே முடியும் என்பதும் அவருக்குத் தெரிந்திருக்கிறது. இரண்டையும் மறைக்காததால்தான் அறுபது வருடம் கழித்தும் படம் உயிரோடு இருக்கிறது.

1964-இல் லாஸ் ஏஞ்சலிஸில் இதைத் திரையிட்ட அரங்கின் மேலாளர் ஆபாசக் குற்றச்சாட்டில் கைதானார். நடுவர் குழு அவரைக் குற்றவாளி என்றது, மேல்முறையீட்டில் அது ரத்தானது. அதற்கு அடுத்த வருடம் ஆங்கர் எடுத்த மூன்று நிமிடப் படத்தில் ஓர் இளைஞன் தன் காரைத் துடைக்கிறான். கையில் இருப்பது, முகத்துக்குப் பவுடர் போடும் பஞ்சு போன்ற ஒன்று. பின்னணி இளஞ்சிவப்பு.

அதே நியூயார்க்கில் ஓவியர் ஆண்டி வார்ஹோல் 1963-இல் வேறொரு பக்கம் போனார். ஜான் ஜியோர்னோ என்ற கவிஞர் தூங்குவதை எடுத்து, ஐந்து மணி நேரத்துக்கும் மேல் ஓடும் படமாக்கினார். ஒரே மூச்சில் எடுத்தது என்று நினைத்துக்கொண்டிருப்பவர்கள் அதிகம். உண்மையில் அவருடைய போலெக்ஸ் கேமராவில் ஒரு சுருள் மூன்று நிமிடத்தைத் தாண்டாது. பல இரவுகளில் எடுத்த துண்டுகளைத் திரும்பத் திரும்ப ஒட்டி நீட்டியிருக்கிறார். முழுதாக உட்கார்ந்து பார் என்று யாரையும் நான் வற்புறுத்தமாட்டேன். ஆனாலும் சினிமாவில் ஆண் தூங்கினால் அடுத்த ஷாட்டில் ஃபோன் அடிக்கும், இல்லையென்றால் யாராவது கத்தியோடு வருவார்கள் என்ற பழக்கத்தை இருபது நிமிடத்தில் அது உடைத்துவிடுகிறது. இங்கே யாரும் வரமாட்டார்கள். வயிறு ஏறி இறங்குகிறது. தன்னைக் காத்துக்கொள்ள முடியாத நிலையில் ஒரு ஆண் கிடக்கிறான், பக்கத்தில் இருப்பவனின் அன்பை நம்பி.

'ஆம்பளப் பிள்ளை அழுவியா?' என்று கேட்டு வளர்க்கப்பட்டவர்களுக்கு பாஸ் யான் ஆடரின் படம் ஒன்று இருக்கிறது. நெதர்லாந்தில் 1942-இல் பிறந்து லாஸ் ஏஞ்சலிஸில் வாழ்ந்தவர். 1971-இல் வந்த அந்தப் படம் மூன்றரை நிமிடம், கறுப்பு வெள்ளை, ஒலி இல்லை. ஆடரின் முகம் க்ளோசப்பில் இருக்கிறது, அவர் அழுகிறார். அவ்வளவுதான். தலைப்பு, சொல்ல முடியாத அளவுக்குச் சோகமாக இருக்கிறேன் என்கிறது, காரணத்தைச் சொல்ல மறுக்கிறது.

அந்த மறுப்புதான் என்னைத் திரும்பத் திரும்ப இழுக்கிறது. ஆண் அழுவதைச் சினிமா தடைசெய்யவில்லை. தாய் இறந்தால் அழலாம், நண்பன் துரோகம் செய்தால் அழலாம், கோப்பையை வென்றால் அழலாம். ஒரு அனுமதிச் சீட்டு வேண்டும், அவ்வளவே. ஆடர் சீட்டைக் காட்டாமல் அழுகிறார். பார்க்கிற நமக்கு முதலில் சங்கடம். நடிக்கிறாரா என்று சந்தேகம். கொஞ்சம் அடங்குகிறார், கையால் முகத்தைத் துடைக்கிறார், மறுபடி உடைகிறார். மூன்றாவது நிமிடத்தில் காரணம் கேட்பதை நான் நிறுத்திவிட்டிருந்தேன்.

அவருடைய மற்றப் படங்களில் அவர் விழுந்துகொண்டே இருக்கிறார். வீட்டுக் கூரைமேல் நாற்காலி போட்டு உட்கார்ந்து, உருண்டு கீழே விழுகிறார். ஆம்ஸ்டர்டாமில் சைக்கிளோடு கால்வாய்க்குள் போகிறார். மரக்கிளையில் தொங்கி, கை ஓயும்வரை பிடித்திருந்து, ஓடையில் விழுகிறார். நிமிர்ந்து நில் என்பதுதான் ஆண் பிள்ளைக்குச் சொல்லப்படும் முதல் பாடம். இவர் அதை விட்டுவிடுவது எப்படி என்று பழகிக்கொண்டிருந்தார். போதகராக இருந்த அவருடைய அப்பா, யூதர்களுக்கு அடைக்கலம் கொடுத்ததற்காக 1944-இல் நாஜிகளால் சுட்டுக்கொல்லப்பட்டார். ஆடருக்கு அப்போது இரண்டு வயது. அந்த அழுகைக்குக் காரணம் இதுதான் என்று எழுதிவிடக் கை பரபரக்கிறது. அப்படி எழுதினால் அவர் காட்ட மறுத்த சீட்டை நான் அவர் சட்டைப்பையில் திணித்தவனாவேன். 1975-இல் ஒரு சின்னஞ்சிறு படகில் தனியாக அட்லாண்டிக்கைக் கடக்கப் புறப்பட்டார். அடுத்த வருடம் அயர்லாந்துக்கு அப்பால் கடலில் படகு மட்டும் கிடைத்தது.

விழுவதற்கு நேர் எதிர்ப்புறத்தில் ஸ்டீவ் மக்வீன் நிற்கிறார். லண்டன்காரர், கரீபியத் தீவுகளிலிருந்து வந்த குடும்பம். பின்னாளில் ஆஸ்கர் வாங்கிய கதைப் படத்தால் அவரை அறிந்தவர்களே அதிகம், ஆனால் அவர் தொடங்கியது கலைக்கூடங்களின் சுவரில். 1928-இல் மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் செய்த ஒரு சாகசம் புகழ்பெற்றது. வீட்டின் முன்சுவர் அப்படியே பெயர்ந்து அவர்மேல் விழும், ஜன்னல் திறப்பு சரியாக அவர் நிற்கும் இடத்தில் வந்து இறங்கும், அவர் பிழைப்பார். 1997-இல் மக்வீன் அதைத் தன் உடம்பை வைத்துச் செய்தார். சுவர் விழுகிறது. இன்னொரு கோணத்திலிருந்து மறுபடி விழுகிறது. மறுபடி. அவர் அசையவில்லை, முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. கீட்டனிடம் அது சிரிப்பு. ஒரு கறுப்பின இளைஞன் அதே இடத்தில் நின்று, தன்மேல் வீடு விழுந்துகொண்டே இருப்பதைச் சலனமின்றி எதிர்கொள்ளும்போது சிரிப்பு தொண்டையில் நின்றுவிடுகிறது. அந்தச் சலனமின்மையைத் துணிச்சல் என்பதா, பழக்கம் என்பதா?

அதற்கு நான்கு வருடம் முன்பு அவர் செய்த 'பேர்' (Bear, கரடி) இன்னும் நெருக்கமானது. பத்து நிமிடம், ஒலி கிடையாது. இரண்டு கறுப்பின ஆண்கள் உடையின்றி மல்யுத்தம் செய்கிறார்கள், அதில் ஒருவர் மக்வீனே. முறைக்கிறார்கள், வளைய வருகிறார்கள், பிடிக்கிறார்கள். ஒரு பிடி சண்டையாக இருக்கிறது, அடுத்த கணம் அணைப்பாக மாறுகிறது, ஒரு கண்சிமிட்டலில் விளையாட்டாகிறது. எது எங்கே மாறியது என்று சொல்ல முடியாது. ஆண்கள் ஒருவரையொருவர் தொட்டுக்கொள்ளச் சமூகம் கொடுத்திருக்கும் அனுமதி பெரும்பாலும் அடிதடிக்குள்ளும் ஆட்டக்களத்துக்குள்ளும்தான் இருக்கிறது. கோல் அடித்தால் ஒருவர்மேல் ஒருவர் விழுந்து முத்தமிடலாம், கடைத்தெருவில் முடியாது. அந்த அனுமதியின் எல்லைக்கோட்டிலேயே பத்து நிமிடமும் நடக்கிறது 'பேர்'.

இதுவரை சொன்ன படங்களில் ஆண்கள் கிட்டத்தட்டப் பேசவே இல்லை என்பதைக் கவனித்திருக்கலாம். மார்லன் ரிக்ஸின் படம் அந்த மௌனத்தின்மேலேயே கைவைக்கிறது. 1989-இல் வந்த 'டங்ஸ் அன்டைட்' என்றால் கட்டவிழ்ந்த நாவுகள் என்று கொள்ளலாம். வீடியோவில் எடுத்தது, ஒரு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. கறுப்பினத் தன்பாலீர்ப்பு ஆண்களைப் பற்றி, அவர்களில் ஒருவர் எடுத்தது. ஆவணப்படம் என்று எடுத்துக்கொண்டு உட்கார்ந்தால் கவிதை வருகிறது, நடனம் வருகிறது, தெருமுனைப் பாட்டு வருகிறது. சகோதரனிலிருந்து சகோதரனுக்கு என்ற ஒரே வரியைப் பல குரல்கள் அடுக்கடுக்காகச் சொல்ல, அது இதயத் துடிப்பு மாதிரி ஆகிவிடுகிறது. விரலைச் சொடுக்குவதில் எத்தனை வகை உண்டு, எதற்கு என்ன பொருள் என்று ஒரு பாடமே நடக்கிறது. மேடை நகைச்சுவையாளர் தன்பாலீர்ப்பாளர்களைக் கேலி செய்து கூட்டத்தைச் சிரிக்கவைக்கும் துண்டும் இருக்கிறது. அந்தச் சிரிப்பைக் கேட்டுக்கொண்டு கூட்டத்தின் நடுவே ஒருவன் வாய்மூடி உட்கார்ந்திருப்பான் அல்லவா, ரிக்ஸ் பேசுவது அவனாக இருந்து.

ஜார்ஜியா மாநிலத்தில் வளர்ந்த காலத்தை அவர் கேமராவைப் பார்த்து நேரே சொல்கிறார். ஊடே வாய்கள் மட்டும் திரையை நிறைத்து வசைச்சொற்களைத் துப்புகின்றன. வெள்ளைப் பையன்கள் நிறத்தைச் சொல்லித் திட்டினார்கள், கறுப்புப் பையன்கள் ஆண்மையைச் சொல்லித் திட்டினார்கள். பிறகு சான்ஃப்ரான்சிஸ்கோவுக்கு வந்து தன்பாலீர்ப்பாளர்களின் தெருவில் விடுதலையைத் தேடுகிறார். அங்கே விளம்பரத்திலும் பத்திரிகையிலும் தன்னைப் போன்ற முகமே இல்லை என்று கண்டுகொள்கிறார். எனக்கு இந்தப் படம் முக்கியமாவது இங்கேதான். ஆண்மை என்று ஒருமையில் ஒன்று கிடையாது, அது ஒவ்வொருவனுக்கும் நிறத்தாலும் தெருவாலும் மொழியாலும் வெவ்வேறு அளவில் தைக்கப்பட்ட சட்டை. ஆங்கரின் புரூக்ளின் இளைஞர்கள் கலகக்காரன் வேடத்தைப் பாட்டுக்குப் பாட்டு மாட்டிக்கொள்ளலாம், கழற்றலாம். ரிக்ஸ் பேசும் ஆண்களைப் பார்த்த மாத்திரத்தில் மிரட்டல் என்று முடிவுகட்டிவிடும் ஊரில் அவர்களுக்கு அந்தச் சலுகை இல்லை. கடினமாக இருப்பதும் மௌனமாக இருப்பதும் அங்கே உயிர் பிழைக்கும் வழிகள். அவற்றைக் கீழே போடச் சொல்வது எவ்வளவு பெரிய கோரிக்கை என்று ரிக்ஸுக்குத் தெரியும். அதனால்தான் கறுப்பின ஆண்கள் ஒருவரையொருவர் நேசிப்பதே புரட்சி என்ற அறிவிப்போடு படம் முடியும்போது அது முழக்கமாக ஒலிக்கவில்லை, பட்டு அறிந்த வார்த்தையாக ஒலிக்கிறது.

1991 ஜூலையில் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாக இருந்தபோது பல நிலையங்கள் மறுத்துவிட்டன. அரசின் கலை நிதியிலிருந்து ரிக்ஸுக்கு வந்திருந்தது 5,000 டாலர்தான். அடுத்த வருடம் குடியரசுக் கட்சியின் அதிபர் வேட்பாளர் போட்டியில் பேட் பியூகேனன் இந்தப் படத்தின் துண்டை விளம்பரத்தில் போட்டு, மக்கள் வரிப்பணம் போகும் இடத்தைப் பாருங்கள் என்று அதிபர் புஷ்ஷைத் தாக்கினார். அந்த விளம்பரத்துக்காகப் பொறுக்கியெடுத்தது, தோல் பட்டைகள் அணிந்து ஆடும் ஆண்களின் காட்சி, மெதுவான அசைவில். கவிதைகள் இல்லை, ரிக்ஸின் குழந்தைப் பருவம் இல்லை. ரிக்ஸ் 1994 ஏப்ரலில் எய்ட்ஸ் நோயால் இறந்தார், வயது 37. அவர் படமும் 'ஸ்கார்ப்பியோ ரைசிங்'கும் 2022-இல் ஒரே பட்டியலில் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டன. அந்த வருடத்தின் 25 படங்களில் 'அயர்ன் மேன்' படமும் ஒன்று. இரும்புக் கவசத்துக்குள் ஒரு ஆண், தோல் ஜாக்கெட்டுக்குள் ஒரு ஆண், இரண்டையும் கழற்றியபிறகு பேசத் தொடங்கும் ஒரு ஆண்.

அதே 1994-இல், பிப்ரவரியில், டெரக் ஜார்மனும் எய்ட்ஸால் இறந்தார். ஆண் உடம்பின் அழகைப் பல வருடம் படமெடுத்த ஆங்கிலேயர். கண்பார்வை போய்க்கொண்டிருந்தபோது செய்த கடைசிப் படத்தில் உடம்பே கிடையாது. முழு நேரமும் நீலத் திரை, குரல்கள், மருத்துவமனை நாட்கள், இறந்துபோன நண்பர்களின் பெயர்கள். 1993-இல் பிரிட்டனின் சேனல் 4 அதை ஒளிபரப்பிய அதே நேரத்தில் பிபிசி ரேடியோ 3 ஒலிபரப்பியது.

சரி, இந்த சினிமா ஆண்களை உற்றுப் பார்க்கக் கற்றுக்கொடுத்தது என்று இவ்வளவு சொல்லியாயிற்று. அதை எடுத்தவர்களும் பெரும்பாலும் ஆண்கள். அதில் ஒரு கோணல் உண்டு, அதைச் சொல்லாமல் விட்டால் நான் நேர்மையாக எழுதியதாகாது. தனியாக நின்று உலகை எதிர்த்துப் படமெடுக்கும் மேதை என்ற பிம்பமும் ஒரு ஆண் வேடம்தான். நியூயார்க்கின் ஆன்த்தாலஜி ஃபிலிம் ஆர்கைவ்ஸ் என்ற திரைப்படக் காப்பகம் 1970-களின் தொடக்கத்தில், திரும்பத் திரும்பத் திரையிட வேண்டிய படங்கள் என்று ஒரு நிரந்தரப் பட்டியல் போட்டது. தேர்ந்தெடுத்த ஐந்து பேரும் ஆண்கள். பட்டியலில் பெண்கள் மிகச் சிலரே. கதாநாயகனைக் கழற்றி எறிந்த சினிமா, இயக்குநரை அந்தப் பீடத்தில் உட்காரவைத்துவிட்டது.

ஸ்டான் பிரக்கேஜ் அந்தப் பீடத்தில் இருந்த பெரிய பெயர்களில் ஒருவர். 1958 நவம்பரில் அவருக்கும் ஜேனுக்கும் முதல் குழந்தை வீட்டிலேயே பிறந்தது. பிரசவம் நடக்கும் அறைக்கு வெளியே அப்பாக்கள் சிகரெட்டோடு காத்திருந்த காலத்தில் அவர் கேமராவோடு உள்ளே இருந்தார். அதிலிருந்து வந்த படம் 1959-இல் முடிந்தது, பதிமூன்று நிமிடத்துக்குள், ஒலி இல்லை. குளியல் தொட்டியில் ஜேனின் வயிறு, ஜன்னல் வெளிச்சம், தண்ணீர், வலி, ரத்தம், குழந்தையின் தலை. இன்று பார்த்தாலும் கை நடுங்குகிறது.

ஓவியரும் திரைக்கலைஞருமான கேரலி ஷ்னீமன் இருவருக்கும் தோழி. இந்தப் படம் அவரை உலுக்கியது, உறுத்தவும் செய்தது. ஒரு பெண் செய்த காரியம் ஆணின் கண்ணுக்கும் அவனுடைய எடிட்டிங்குக்கும் சொந்தமாகிவிட்டதே என்று. அதற்குப் பதில்போல 1964 முதல் 1967 வரை 'ஃப்யூஸஸ்' படத்தைச் செய்தார். தானும் தன் துணைவரான இசைக்கலைஞர் ஜேம்ஸ் டென்னியும் உறவுகொள்வதைத் தானே படமெடுத்து, ஃபிலிம் சுருளின்மேல் வண்ணம் தீட்டி, கீறி, எரித்து, ஒட்டினார். டென்னி அதில் எதையும் வெல்லவில்லை, எதையும் நிரூபிக்கவில்லை. ஒரு உடம்பு இன்னொரு உடம்போடு இருக்கிறது, யாருடைய கை எது என்று சில சமயம் தெரியாது. கிச் என்ற அவர்களுடைய பூனை அங்கேயே இருந்து பார்க்கிறது. கான் நகரில் ஒரு திரையிடலின்போது ஆண்கள் சிலர் கத்தி, இருக்கைகளைப் பிளேடால் கிழித்தார்கள் என்று ஷ்னீமன் பின்னாளில் சொல்லியிருக்கிறார். அவர்கள் எதிர்பார்த்துவந்த ஆணும் பெண்ணும் அதில் கிடைக்கவில்லை.

ஷ்னீமன் சொன்னது சரிதான் என்று நினைக்கிறேன். நினைத்துக்கொண்டே பிரக்கேஜின் படத்துக்குத் திரும்பும்போது, கடைசியில் வரும் சில ஷாட்டுகள் கண்ணில் படுகின்றன. அவற்றை அவர் எடுக்கவில்லை. குழந்தை பிறந்துவிட்டது. ஜேன் படுக்கையிலிருந்தபடி கேமராவை வாங்கி அவர் பக்கம் திருப்பியிருக்கிறார். கேமராவுக்குப் பின்னால் இவ்வளவு நேரம் ஒளிந்திருந்த 25 வயது ஆள் திடீரென்று வெளிச்சத்தில் நிற்கிறான். செய்வதற்கு ஒரு வேலையும் இல்லை, கையில் பிடித்துக்கொள்ள ஒன்றும் இல்லை. பரபரப்பும் பயமும் சிரிப்பும் ஒன்றாகக் கலந்து முகம் குழைந்துபோயிருக்கிறது. சட்டகம் லேசாக ஆடுகிறது, பிரசவித்த கையின் நடுக்கம்.